மாதிரிப் படிவத்தில் ஒட்டிய முகம்

கேபிள் தொலைக்காட்சி வலையமைப்பு விதிகள், 1994. அதில் ஆறாவது விதி, நிகழ்ச்சிகளில் எவையெவை இடம்பெறக் கூடாது என்று நீளமாகப் பட்டியல் போடுகிறது. தனிமனிதர் எவரையும் இழிவுபடுத்தும், அவதூறு செய்யும் நிகழ்ச்சியை ஒளிபரப்பக் கூடாது என்று அதில் ஓர் உட்பிரிவு உண்டு. தெளிவான விதி. என் அனுபவத்தில் தெளிவான விதிகளைத்தான் யாரும் படிப்பதில்லை. குழப்பமான விதியாக இருந்தால் சண்டை போடுவதற்காகவாவது நாலு பேர் படிப்பார்கள்.

2006ஆம் ஆண்டு, கத்திரி வெயில் முடிந்த பிறகு வந்த ஒரு வெள்ளிக்கிழமை, இந்த விதி என் வீட்டுக் கூடத்தில், என் கண் முன்னால் மீறப்பட்டது. மீறியவர் யார் என்பதை முறைப்படி வரிசையாகச் சொல்கிறேன்.

நான் திருவள்ளூரில் காவல்துறை அலுவலகம் ஒன்றில் முப்பத்து நான்கு ஆண்டுகள் எழுத்து வேலை பார்த்தவன். சீருடை போட்டதில்லை. லத்தியைக் கையில் எடுத்ததுகூட இருப்புப் பதிவேட்டைச் சரிபார்த்த நாட்களில்தான். ஓய்வு பெற்றதும் கும்மிடிப்பூண்டியில், தொழிற்பேட்டைச் சாலைக்கு இரண்டு தெரு தள்ளி, மனைவிக்குப் பிறந்த வீட்டில் கொடுத்த மனையில் வீடு கட்டிக் குடியேறினோம். தெருவில் எல்லோரும் என்னைப் "போலீசு சார்" என்றார்கள். சில மாதம் திருத்திப் பார்த்துவிட்டு விட்டுவிட்டேன். ரேஷன் கார்டில் பெயர் சேர்க்க, சாதிச் சான்றிதழ் வாங்க, வேலைக்கு விண்ணப்பம் எழுத என்று ஆட்கள் வந்துகொண்டே இருந்தார்கள். பொழுது போயிற்று.

பக்கத்து வீட்டுக்காரர் இரும்பு ஆலை ஒன்றின் வாசலில் காவலாளி. ஆரம்பாக்கம் பக்கத்தில் பிறர் நிலத்தில் நாற்று நட்டுப் பிழைத்த குடும்பம். அவர் காலத்தில்தான் வயலை விட்டு நீலச் சட்டைக்கும் விசிலுக்கும் வந்தது. காவலாளி வேலைக்குச் சேரும்போது, தன் மேல் வழக்கு எதுவும் இல்லை என்று காவல் நிலையத்தில் நன்னடத்தைச் சான்று வாங்க வேண்டும். அந்த மனுவை எழுதிக் கொடுத்தவன் நான். ஸ்டூடியோவில் எட்டுப் படம் எடுத்துக்கொண்டு வந்தார். மூன்று போதுமானதாக இருந்தது.

"மிச்சம் உங்ககிட்டயே இருக்கட்டும் சார். எங்க ஊட்டுல வச்சா புள்ளைங்க பொட்டு வச்சு மீசை போட்டு நாறடிச்சுடும்" என்றார்.

மேசை இழுப்பறையில் அவருடைய ஐந்து முகங்களையும் உறையில் போட்டு வைத்தேன். உறையின் மேல் விவரம் எழுதினேன். முறை என்றால் முறை.

வெள்ளிக்கிழமை இரவு எட்டு மணிக்கு அந்தத் துப்பறியும் தொடர் வரும். பெயர் வேண்டாம். அப்போது ஒன்பதாவது ஆண்டாக ஓடிக்கொண்டிருந்தது. காவலாளிக்குப் பகல் வேலையாக இருந்தால் அவரும் அவர் மனைவியும் எங்கள் வீட்டுக்கு வந்துவிடுவார்கள். அவர்கள் வீட்டிலும் டிவி இருந்தது. ஆனால் கொலைகாரன் யார் என்று பந்தயம் கட்ட ஆள் வேண்டுமே.

தொடர் நல்ல தொடர். அதை முதலில் சொல்லிவிட வேண்டும். துப்பறிபவர் மூட்டுவலிக்காரர். மாடிப்படியில் நின்று நின்று ஏறுவார். நிற்கிற இடத்தில் எதையாவது கவனிப்பார். யாரையும் மிரட்ட மாட்டார். இழவு விழுந்த வீட்டில் ஓரமாக உட்கார்ந்து "அப்புறம்?" என்பார். அந்த ஒரு சொல்லுக்கு வீடே தன் கதையைக் கொட்டிவிடும். பங்காளிச் சண்டையில் மூத்த மருமகள் எந்த நேரத்தில் அடுப்படிக்குள் போய்விடுவாள் என்பதுகூட எழுதியவருக்குத் தெரிந்திருந்தது. கொலைகாரன் எப்போதும் அந்த வீட்டில் உரிமையோடு செருப்பைக் கழற்றிவிட்டு நுழைகிறவனாக இருப்பான். நான் அலுவலகத்தில் தட்டச்சு செய்த கொலை வழக்குகளும் பெரும்பாலும் அப்படித்தான்.

குறைகள் வேறு கணக்கு. பிரேதப் பரிசோதனை அறிக்கை ஒரு விளம்பர இடைவேளைக்குள் வந்துவிடும். பிணம் கிடந்த இடத்தில் கண்டதைக் கண்டபடி மகஜராக எழுத ஆள் கிடையாது, சாட்சிக் கையெழுத்து கிடையாது. துப்பறிபவர் கத்தியைக் கைக்குட்டையில் சுற்றிப் பையில் போட்டுக்கொண்டு வீட்டுக்குப் போய்விடுவார். நாளைக்கு நீதிமன்றத்தில் அந்தக் கத்தி எங்கிருந்து வந்தது என்று கேட்டால் யார் பதில் சொல்வது? ஒன்பது ஆண்டுகளாக எல்லாப் பணக்காரர்களும் ஒரே பங்களாவில் குடியிருந்தார்கள். சித்திரையில் பிணமாகக் கிடந்தவர் ஆடியில் வக்கீலாக வந்து வாதாடினார். துப்பறிபவரின் மனைவி முதலாம் ஆண்டில் காய்ச்சலில் இறந்தாள், ஐந்தாம் ஆண்டில் கார் விபத்தில் இறந்தாள்.

"பாவம், ஒரே பொம்பளைக்கு ரெண்டு சாவு" என்றாள் என் மனைவி.

காவலாளிக்கு இந்தக் குறைகள் கண்ணில் படாது. அவருக்கு ஒரே ஒரு சூத்திரம். "எவன் கேட்டுல நோட்டுல எழுதாம உள்ள போறானோ, அவன்தான் சார். நீங்க வேணா பாருங்க." பாதி வாரம் அவர்தான் ஜெயிப்பார்.

நான் தொடரைத் தயாரித்தவர்களுக்குக் கடிதம் எழுத ஆரம்பித்தேன். பதிவுத் தபால், ஒப்புகை அட்டையுடன். மூன்று ஆண்டுகளில் பதினோரு கடிதம். பதினோரு ஒப்புகை அட்டைகளும் கையெழுத்தோடு திரும்பி வந்தன. பதில் ஒன்றுகூட வரவில்லை.

என்னை மிகவும் வாட்டியது ஹிஸ்டரி ஷீட். ஒருவர் மேல் காவல் நிலையம் தொடர்ந்து கண் வைக்க வேண்டும் என்று முடிவானால், அவர் பெயரில் திறக்கும் பதிவேடு அது. தொடரில் அதைப் பள்ளிக்கூட நோட்டுத் தாளில் எழுதி, படத்தை ஸ்டேப்ளர் முள்ளால் குத்தியிருந்தார்கள். முள் நெற்றியில் இருந்தது. பத்தாவது கடிதத்தில் படிவத்தை வரைந்து, படம் ஒட்ட வேண்டிய இடத்தில் வெற்றுக் கட்டம் போட்டு அனுப்பினேன். அடுத்த கதையில் படிவம் கொஞ்சம் தேறியிருந்தது. படத்தை மட்டும் ஜெம் கிளிப்பில் மாட்டித் தொங்கவிட்டிருந்தார்கள்.

இவர்களுக்குச் சொன்னால் புரியாது, செய்தே காட்ட வேண்டும் என்று பதினோராவது கடிதத்தோடு முழு மாதிரி ஒன்று தயாரித்தேன். காவலாளியின் உறையிலிருந்து ஒரு படத்தை எடுத்து ஒட்டினேன். ஏன் அவர் படம்? உறை மேலாக இருந்தது. வேறு காரணம் கிடையாது. முத்திரை பாதி படத்திலும் பாதி தாளிலும் விழ வேண்டும் என்று காட்ட, என் மனைவியின் வளையலை வைத்து ஊதா மையில் வட்டம் வரைந்தேன். பெயர் என்ற இடத்தில் 'அ.ஆ.' என்று எழுதினேன். அடையாளம் என்ற இடத்தில், படத்தைப் பார்த்து, "இடது புருவத்தில் வெட்டுத் தழும்பு" என்று எழுதினேன். முப்பத்து நான்கு ஆண்டுப் பழக்கம், காலியாக விட மனம் வரவில்லை.

கடைசியில் ஒரு வேலை பாக்கி. மாதிரிப் படிவம் என்றால் குறுக்கே கோடு போட்டு அடிக்க வேண்டும், யாரும் தவறாகப் பயன்படுத்தாமல் இருக்க. சிவப்பு மையில் மூலைக்கு மூலை கோடு இழுத்துக்கொண்டு வந்தவன், படத்தின் அருகில் வந்ததும் பேனாவைத் தூக்கிவிட்டேன். தினமும் காலையில் எனக்கு வணக்கம் வைக்கிற மனிதர். அவர் முகத்தின் மேல் எப்படிக் கோடு போடுவது? மரியாதை இல்லை என்று தோன்றியது. படத்தைச் சுற்றி வளைத்து, அந்தப் பக்கத்தில் கோட்டைத் தொடர்ந்தேன்.

ஆகவே அந்த வெள்ளிக்கிழமை.

புதுக் கதை, நான்கு வாரம் ஓடப்போவது. துப்பறிபவர் காவல் நிலையத்துக்குள் வருகிறார், ஆய்வாளர் கோப்பைத் திறக்கிறார். நான் நாற்காலியிலிருந்து எழுந்தே விட்டேன். படிவம் அப்படியே இருந்தது. பத்திகள் சரி, தலைப்புகள் சரி. படம் பசையால் ஒட்டியிருந்தது. நான் வட்டம் போட்ட அதே இடத்தில், பாதி படத்திலும் பாதி தாளிலுமாக, உண்மையைப் போன்ற ஒரு முத்திரை. என் சிவப்புக் கோட்டை மட்டும் வெள்ளை மை பூசி மறைத்திருந்தார்கள்.

"பார்த்தீர்களா! முத்திரை எங்கே விழுந்திருக்கிறது பாருங்கள்! இத்தனை வருஷத்துக்குப் பிறகு!" என்று கையைத் தட்டினேன்.

யாரும் என்னோடு சேரவில்லை. கேமரா படத்தை நெருங்கியது.

"சார்" என்றார் காவலாளி. "அது நான் சார்."

அவர் மனைவி வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார். "ஐயே, இன்னாய்யா இது! டிவில நடிக்கப் போனதச் சொல்லவே இல்ல!"

அதற்குள் ஆய்வாளர் வாசிக்க ஆரம்பித்துவிட்டார். மூன்று கொலை. இரண்டு குழந்தைக் கடத்தல். இடது புருவத்தில் வெட்டுத் தழும்பு. காவலாளியின் கை தானாகப் புருவத்துக்குப் போனது. அவர் மனைவியின் சிரிப்பு நின்றது. துப்பறிபவர் அந்தப் படத்தைத் தன் அறைச் சுவரில் ஊசியால் குத்தினார். இனி நான்கு வாரமும் அது அங்கேதான் இருக்கும் என்பது தொடர் பார்க்கிற எல்லோருக்கும் தெரியும்.

நாற்காலியில் உட்கார்ந்தேன் என்பதைவிட விழுந்தேன் என்பது சரி.

"எப்படி சார் என் போட்டோ அங்க போச்சு?" என்றார். ஸ்டூடியோக்காரன் விற்றிருப்பானோ என்று அவரே பதிலும் சொல்லிக்கொண்டார். நான் மறுக்கவில்லை. அதைத்தான் இன்றுவரை என்னால் நம்ப முடியவில்லை. ஒரு சொல் சொல்ல வேண்டிய இடத்தில், "பார்க்கலாம், சட்டப்படி எழுதுவோம்" என்றேன்.

மறுநாள் தெரு சிரித்தது. ஆலை வாசலில் லாரி ஓட்டுநர்கள், "நைனா, கொழந்தைங்கள எங்க வச்சிருக்கிற, சொல்லிரு" என்று கேட்டுவிட்டுத் தேநீர் வாங்கிக் கொடுத்தார்களாம். அவரும் சிரித்திருக்கிறார். இரண்டாவது வாரம் படம் மறுபடி வந்தது. அடுத்த திங்கட்கிழமை காலை ஒன்பதரை மணிக்கு அவர் நீலச் சட்டையோடு வீடு திரும்பினார். வேலை நேரத்தில் அவரைத் தெருவில் பார்த்ததே எனக்கு அதிர்ச்சியாக இருந்தது.

"செக்யூரிட்டி ஏஜென்சில சொல்லிட்டாங்க சார். கிளியர் ஆவுற வரைக்கும் கேட்டாண்ட வராதன்னு. டிவிக்காரன் லெட்டரு வேணுமாம், இது பொய்யின்னு." சட்டையைக் கழற்றாமல் நின்றார். "கேட்டுல நிக்கிறவனுக்கு மூஞ்சிதான சார் வேலையே. அது பூட்டா இன்னா இருக்குது? மறுபடியும் நாத்து நடப் போவவா?"

நான் ஆறாவது விதியை மேற்கோள் காட்டி அவர் பெயரில் தயாரிப்பாளர்களுக்கு ஒரு கடிதம் எழுதினேன். ஒளிபரப்பியவர்களுக்கு ஒன்று. நகல்கள் மேலிடத்துக்கு. அவர் கையெழுத்துப் போட்டுவிட்டு, "நீங்க இல்லேன்னா பேஜாரா ஆயிருக்கும் சார்" என்று கும்பிட்டார். கும்பிட்ட கைகளை நான் பார்த்தேன். பார்த்துவிட்டு, தபால் தலை ஒட்டினேன்.

அவர் போன பிறகு என் மனைவி காய்கறி அரிந்துகொண்டே கேட்டாள். "எப்போ சொல்லப் போறீங்க?"

"எதை?"

"டிவில அந்த பேப்பர காட்டுனப்பவே தெரியும். இத்தினி வருஷமா மளிகை லிஸ்டுல பாத்துக்கினு இருக்கிற கையெழுத்து. வட்டம் போட என் வளையல வேற வாங்குனீங்க."

அன்று முழுவதும் என் தரப்பு நியாயங்களை மனதில் வரிசைப்படுத்தினேன். ஒன்றும் நிற்கவில்லை. ஒன்பது ஆண்டுகளாக அந்தத் தொடரில் போலிக் கோப்பு வந்தது, யாருக்கும் ஒரு கெடுதலும் வரவில்லை. நெற்றியில் முள் குத்திய படத்தை எந்த ஏஜென்சி நம்பும்? அதன் குறை என்று நான் நினைத்தது ஒரு வேலியாக இருந்திருக்கிறது. நான் போய்ப் பிடுங்கிச் சரிசெய்தேன்.

மாலையில் அவர் வீட்டுக்குப் போனேன். சொன்னேன். பதினோராவது கடிதத்தின் அலுவலக நகலையும் காட்டினேன். படத்தை ஒட்டிக் கோடும் போட்டு முடித்ததும் ஜெராக்ஸ் எடுத்து வைத்திருந்தேன். அவர் மனைவி எழுந்து உள்ளே போய்விட்டார். அவர் நகலை வெளிச்சத்தில் பிடித்து வெகுநேரம் பார்த்தார்.

"இந்தக் கோடு இன்னாத்துக்கு சார்?"

"யாரும் இதைத் தவறாகப் பயன்படுத்தக்கூடாது என்பதற்கு."

"என் மூஞ்சியாண்ட மட்டும் வளைஞ்சி போவுதே?"

"உங்கள் முகத்தின் மேல் போட மனம் வரவில்லை."

அவர் என்னை நிமிர்ந்து பார்த்தார். கோபத்தை எதிர்பார்த்துப் போயிருந்தேன். அதைவிட மோசமான ஒன்று அந்த முகத்தில் இருந்தது, திகைப்பு. "போட்டிருக்கலாமே சார்" என்றார் மெதுவாக. "கோடு போட்ட மூஞ்சின்னா அவன் காட்டியே இருக்க மாட்டானே. இம்மாம் படிச்சவரு நீங்க."

மறுநாள் இருவரும் ஏஜென்சி அலுவலகத்துக்குப் போனோம். மேற்பார்வையாளருக்கு முப்பது வயது இருக்கும், கழுத்தில் டை. நான் நகலை நீட்டி முழுவதையும் விளக்கினேன்.

"நீங்க சொல்றது எனக்குப் புரியுது சார். நானே அந்த சீரியல் பாக்குறவன்தான். ஆனா கம்பெனி மேனேஜரு வடக்கத்திக்காரரு. தமிழ் தெரியாது. கதை இன்னான்னு அவுருக்குத் தெரியல, போட்டோவத்தான் பாத்தாரு. சும்மா டிராமா சார்னு நானும் சொன்னேன். 'சீல் சரியா இருக்கே, டிராமாவுல இவ்வளவு சரியா இருக்குமா'ன்னு கேக்குறாரு."

வாழ்நாளில் என் வேலைக்குக் கிடைத்த ஒரே முழுமையான பாராட்டு அது. நகலை மடித்துப் பையில் வைத்தேன்.

"தயாரிப்பாளர்களிடமிருந்து பதில் வர நாளாகும்" என்றேன்.

"அப்ப நாளாவட்டும் சார்."

காவலாளி முன்னால் வந்தார். "சாரு, அவுரு பாக்குறது போட்டோவும் சீலும்தான? அப்ப அதையே காட்டலாம்." என் பக்கம் திரும்பினார். "நீங்க எழுதிக் குடுங்க சார். நான்தான் ஒட்டுனேன்னு. உங்க போட்டோ ஒட்டி, சீல் குத்தி. கேட்டுல போர்டு கீதுல்ல, அதுல போடட்டும். என் மூஞ்சி டிவில இருக்கிற வரைக்கும் உங்க மூஞ்சி அங்க இருக்கட்டும்."

மேற்பார்வையாளர் என்னைப் பார்த்தார். விதிகளில் இதற்கு இடம் உண்டா என்று தேடினேன். தடை எதுவும் இல்லை.

அன்றே ஸ்டூடியோவில் படம் எடுத்துக்கொண்டேன். எட்டுப் படம். நோட்டரி வக்கீல் அலுவலகத்தில் உறுதிமொழிப் பத்திரம் தயாரானது. பக்கத்து வீட்டில் வசிக்கும் இன்னார் குற்றமற்றவர், அவர் படத்தை அவருக்குத் தெரியாமல் நான் பயன்படுத்தினேன், தவறு முழுவதும் என்னுடையது. தமிழில் ஒன்று, மேலாளருக்காக ஆங்கிலத்தில் ஒன்று. வக்கீல் என் முகத்தின் கன்னத்தோரம் முத்திரையைக் குத்தினார். சரியான இடத்தில்தான் விழுந்தது. மிச்ச ஆறு படங்களையும் எண்ணிக் கையில் வாங்கிக்கொண்டேன்.

வியாழக்கிழமை அவர் வாசலுக்குத் திரும்பினார். விபத்தில்லாத நாட்களை எழுதிவைக்கும் பலகைக்குப் பக்கத்தில், கண்ணாடிக்குள் என் முகம். பார்க்கப் போகாமல் இருந்திருக்கலாம், போனேன். ஒரு லாரி ஓட்டுநர் பலகையைப் படித்துவிட்டு என்னையும் ஒருமுறை பார்த்துவிட்டு, "நைனா, இந்த ஆளு இன்னா பண்ணான்?" என்றார்.

"எனக்கு மரியாத குடுத்தாரு" என்றார் காவலாளி. "நோட்டுல எழுதிட்டு உள்ள போ."

மூன்றாவது வாரம் தொடரில் அந்தக் கொலைகாரன் ரயிலில் அடிபட்டுச் செத்துப்போனதாக ஒரு வரியில் சொல்லிவிட்டார்கள். பிணத்தைக் காட்டவில்லை. விசாரணை அறிக்கை இல்லை, அடையாளம் காட்ட ஆள் இல்லை. "செத்தும் டூட்டி பாக்குற ஒரே ஆளு எங்க நைனாதான்" என்று வாசலில் பேச்சு. படத்தை நான்காம் வாரமும் சுவரிலிருந்து எடுக்கவில்லை, மறந்துவிட்டார்கள். அதனால் என் படமும் பலகையில் நான்கு வாரம் முடியும்வரை இருந்தது.

வெள்ளிக்கிழமைகளில் அவர்கள் வருவது நின்றது. காலையில் வணக்கம் மட்டும் வைப்பார். ஒருநாள் மாலை வேலி ஓரம் நின்று, "மிச்சம் நாலு போட்டோ குடுங்க சார், எங்க ஊட்டுலயே இருக்கட்டும்" என்றார். உறையோடு கொடுத்தேன். அவர் என் முன்னாலேயே எண்ணிப் பார்த்தார். சரியாக இருந்தது.

ஆறாவது விதியைக் காட்டி அவர் பெயரில் எழுதிய கடிதங்களுக்கு இன்றுவரை பதில் இல்லை. என் பதினோராவது கடிதத்துக்கு மட்டும் வந்தது. தயாரிப்பு அலுவலகத்தின் தாளில், தட்டச்சில் எட்டு வரி. தாங்கள் அனுப்பிய படிவம் மிகவும் தத்ரூபமாக இருந்ததாகப் பலரும் பாராட்டினார்கள், அடுத்த கதையில் வருபவர் ஒரு பெண் குற்றவாளி, இதேபோல் படம் ஒட்டியே அனுப்பிவைத்தால் உதவியாக இருக்கும்.

என் மனைவி என் தோளுக்கு மேலாகப் படித்தாள். உள்ளே போய், அவளுடைய ரேஷன் கார்டுப் படங்கள் இருந்த உறையை என் இழுப்பறையிலிருந்து எடுத்துத் தன் பீரோவில் வைத்துப் பூட்டினாள். நான் சிவப்புப் பேனாவை எடுத்துக் கடிதத்தின் குறுக்கே, எங்கும் வளையாமல், மூலைக்கு மூலை கோடு இழுத்தேன். பிறகு வழக்கப்படி ஓரத்தில் எழுதினேன்: பெறப்பட்ட நாள், 14 ஆகஸ்ட் 2006, திங்கட்கிழமை.